எஸ்தர் தாவுன அந்த ஒரு படம்

பேய், பிசாசு, காத்து, கருப்புன்னு யாராச்சும் எங்கிட்ட பேச்செடுத்தா நான் சிரிச்சுப்போடுவனுங்க. ஏன்னா பேய் பண்றதுதான் என்ற பொழப்பே. நெசமாத்தான் சொல்றேன். எக்ஸ்போர்ட் கம்பெனிக்காரங்க பனியன், டீ-சர்ட்டெல்லாம் கொண்டாந்து குடுப்பாங்க, நான் அத ஒரு பொம்மைக்கு மாட்டி போட்டோ எடுத்து, அப்பறம் கம்ப்யூட்டர்ல அந்தப் பொம்மைய மட்டும் அழிச்சுருவேன். கழுத்து இருக்காது, கையி இருக்காது, ஆனா சட்டை மட்டும் உள்ள யாரோ இருக்கற மாதிரி புஸ்ஸுன்னு நிக்கும். வெளிநாட்டு வெப்சைட்ல ஆளில்லாம ஒரு சட்டை நிக்கறத பாத்தீங்கன்னா அது எங்கூருல நானோ என்னைய மாதிரி ஒருத்தியோ செஞ்சதா இருக்கும். தெனமும் இப்பிடி பேய் செஞ்சு குடுக்கறவகிட்ட வந்து பேய்க்கதை சொன்னா எப்பிடீங்க எடுபடும்?

அதனால இப்ப நான் சொல்லப்போறத நீங்க நம்பலீன்னாலும் எனக்கு வருத்தமில்ல, நானா இருந்தாலும் நம்பமாட்டேன். ஆனா செவுத்துல மாட்டியிருக்கற அந்தப் போட்டோவ பத்திக் கேட்டுட்டீங்க. கேட்டவங்களுக்கெல்லாம் பாதிக் கதைதான் சொல்லியிருக்கேன், உங்களுக்கு முழுசாச் சொல்றேன். ஒன்னு மட்டும் மொதல்லயே சொல்லிப்போடறேன், இது நடுராத்திரி நடந்ததில்லீங்க. ஞாயித்துக்கெழம, மத்தியானச் சோறு தின்னு தூங்கி எந்திரிச்சு சாயங்காலம் ஊரே வெளியில சுத்தற நேரத்துல, கூட்டத்துக்கு நடுவுல நடந்துச்சு.

என்ற பேரு நந்தினிங்க. சட்டை போட்டோ எடுக்கறது சோத்துக்கு. ராக் மியூசிக் போட்டோ எடுக்கறதுதான் உசுரு. திருப்பூர்ல ராக் எங்கிருந்து வந்துச்சுன்னு கேப்பீங்க. எங்கூருக்கு அது காது வழியா வரலீங்க, டீ-சர்ட் வழியாத்தான் வந்துச்சு. உலகத்துல இருக்கற அத்தனை பேண்டு சட்டையும் இங்கதான் அச்சாகும். அந்தப் பாட்ட ஒரு தடவ கூட கேக்காதவங்க அந்த மூஞ்சிய ஆயிரக்கணக்குல அடிச்சு, மடிச்சு, பெட்டி கட்டி அனுப்புவாங்க. நான் காலேஜ் படிக்கையில லீவுல அந்தச் சட்டைகளத்தான் போட்டோ எடுக்கப் போனேன். முடியப் பறக்கவுட்டுட்டு கிட்டார தலைக்கு மேல தூக்கி ஒருத்தன் நிப்பான் பாருங்க, அத பாத்துப்போட்டு எனக்கு கிட்டார் வாசிக்கணும்னு தோணல. இத எவன் எடுத்தான், அவன் எங்க நின்னு எடுத்தான்னுதான் தோணுச்சு. அன்னிக்குப் புடிச்ச கெரகம்.

அப்பறம் கோயமுத்தூரு, பெங்களூருன்னு எங்க ஷோ நடந்தாலும் பஸ் ஏறிப் போயிருவேன். ஊட்ல எங்கம்மா, "கல்யாண ஆல்பம் எடுத்தாலாச்சும் ஒரு வேளை சோறு போடுவாங்க, இவ போய் கத்தறவன எல்லாம் எடுத்துட்டு வராளே"ன்னு பொலம்பும். பொலம்பலுக்குக் கூட நான் அசரமாட்டேன். ஆனா எனக்குன்னு ஒரு கொறை இருந்துச்சுங்க. நான் எப்பவுமே லேட்டு. கிட்டார்க்காரன் குதிச்சான்னா என்ற படத்துல அவன் எறங்கி நின்னுட்டு இருப்பான். பாடற பொண்ணு அடிவயித்துல இருந்து கத்துனா என்ற படத்துல அது வாய மூடிட்டு தண்ணி குடிக்கும். கேமராவ தொடர்ந்து தட்ட வெச்சுப் பாத்தேன், அப்பவும் ரெண்டு படத்துக்கு நடுவுல அந்த நேரம் போய் ஒளிஞ்சுக்கும். பெங்களூர்ல ஒரு பெரிய போட்டோகிராபர் என்ற படத்தையெல்லாம் பாத்துட்டு, "கண்ணு நல்லா இருக்கு, கைதான் ஒரு இமை லேட்டு, அத யாராலயும் சொல்லித்தர முடியாது"ன்னுட்டாரு. அன்னிக்கு பஸ்சுல திருப்பூர் வர்ற வரைக்கும் அழுதேன். அது ஒன்னும் வெக்கமில்ல, அழுகை வந்துச்சு, அழுதேன்.

இப்ப எஸ்தருக்கு வர்றேன். எஸ்தரு தூத்துக்குடி பக்கத்துப் பொண்ணு, குடும்பத்தோட இங்க வந்து ஒரு கம்பெனியில செக்கிங்ல இருந்துச்சு. தச்ச பனியன்ல ஓட்டை, கறை இருக்குதான்னு வெளக்கு வெளிச்சத்துல பாத்துப் பிரிக்கற வேலை. சர்ச்சுல கிட்டார் கத்துக்கிட்டு, அந்த சர்ச்சு கிட்டார வெச்சே என்ற கூடப் படிச்ச பிரகாசு கூட சேந்து ஒரு பேண்டு ஆரம்பிச்சுது. பிரகாசு டிரம்ஸ். பேஸ் கிட்டார் வாசிக்கறது ஒடிசாப் பையன் ஒருத்தன். பேண்டு பேரு 'செகண்ட்ஸ்'. எக்ஸ்போர்ட்ல கழிச்சுப்போட்ட மாலுக்கு எங்கூருல அதுதாங்க பேரு. நாங்கெல்லாம் ஊட்லயும் வெளியிலயும் கழிச்சுவுட்ட மாலுதானேன்னு அதுங்களே வெச்சுக்கிச்சு.

அந்தப் பேண்டுக்கு ஒரு வாய்ப்பு வந்துச்சுங்க. பெங்களூர்ல ஒரு பெரிய ராக் விழா. பாட்டு அனுப்பியாச்சு, அவங்களுக்குப் புடிச்சும் போச்சு. ஆனா கடைசியில இவங்களும் இன்னொரு பேண்டும் நிக்கறாங்க, ஒருத்தருக்குத்தான் எடம். மேடையில வாசிக்கற மாதிரி நல்லதா ஒரே ஒரு போட்டோ திங்கக்கெழம காத்தால வந்து சேரணும், போஸ்டர்ல போடறதுக்கு, அத பாத்து முடிவு பண்ணிக்கறோம்னுட்டாங்க. கையில இருக்கறது ஞாயித்துக்கெழம ஷோ ஒன்னுதான். திருப்பூருக்குப் பக்கத்துல மங்கலத்துல, பிரகாசு ஊட்டுல முன்ன பனியன் துணி பின்னுன பழைய நிட்டிங் ஷெட்டுல. எடுக்கப்போறது யாரு? நான்தான். ஒரு இமை லேட்டா எடுக்கறவ.

எஸ்தரு எங்கிட்ட வந்து, "எக்கா, இந்த ஒரு தடவ மட்டும் பாத்து எடுத்துருங்கக்கா. இதுவும் போச்சுன்னா கிட்டார சர்ச்சுக்கே குடுத்துட்டு நான் ஊரப் பாக்கப் போயிருவேன். எங்க அண்ணன் அதத்தான் சொல்லிக்கிட்டு கெடக்கான்"னுச்சு. சிரிச்சுட்டேதான் சொல்லுச்சு, ஆனா கண்ணு சிரிக்கல.

அந்த வெள்ளிக்கெழமதான் மொதல் சங்கதி நடந்துச்சு. ஷோவுக்கு வர்றவங்களுக்குக் குடுக்க பேண்டு பேர போட்டு கொஞ்சம் டீ-சர்ட் அடிக்கலாம்னு மணியண்ணன் பிரிண்டிங் யூனிட்டுக்குப் போனேன். பிரிண்டிங்னா, மரச்சட்டத்துல வலைத்துணி மாதிரி இழுத்துக் கட்டியிருக்கும், அதுல டிசைன் பதிஞ்சிருக்கும், மேல மைய ஊத்தி ரப்பர் கட்டையால ஒரு இழு இழுத்தா கீழ இருக்கற துணியில படம் எறங்கிரும். அந்தச் சட்டத்த நாங்க ஃப்ரேம்னு சொல்லுவோம். மூடிப்போன யூனிட்டுல இருந்து பழைய ஃப்ரேம்களை மொத்தமா வாங்கி, பழைய டிசைனக் கழுவிப்போட்டு புதுசா உபயோகப்படுத்திக்குவாங்க. கழுவறதுக்கு முன்னாடி வலை கிழிஞ்சிருக்கான்னு பாக்க, வேஸ்ட் துணிய வெச்சு ஒரு இழு இழுத்துப் பாப்பாங்க.

மணியண்ணன் அப்பிடி ஒரு லாட்டு வாங்கிப்போட்டு ஒன்னொன்னா பாத்துட்டு இருந்தாரு. எல்லாம் கொழந்தைத் துணி டிசைனுங்க. ஆனைக்குட்டி, மொசலு, மறுபடியும் ஆனைக்குட்டி. எங்கிட்டப் பேசிட்டே அடுத்த ஃப்ரேம எடுத்தவரு, பேச்சு சொவாரசியத்துல வேஸ்ட் துணி போட மறந்து, எங்க டீ-சர்ட்டுக்காக பலகையில மாட்டி வெச்சிருந்த வெள்ளைச் சட்டை மேலயே இழுத்துப்போட்டாரு.

"அட கெரகமே! ஏனுங்க அம்மிணி, உங்க பீச கெடுத்துப்போட்டனே"ன்னு ஃப்ரேமத் தூக்குனாரு. தூக்குனா கீழ ஆனைக்குட்டி இல்லீங்க.

ஒரு பொண்ணு. அந்தரத்துல. கையில கிட்டாரு. முடி மூஞ்சிய மறைச்சு ஒரே பக்கமா பறக்குது. கிட்டார்ல ஒரு கம்பி அந்து தலைக்கு மேல வளைஞ்சு நிக்குது. ஒரு காலுல செருப்பு இருக்கு, இன்னொரு காலு வெறுங்காலு. ஒரு பக்கம் இருந்து பட்டையா வெளிச்சம் வந்து அந்தப் பொண்ணு மேல மட்டும் அடிக்குது, பின்னாடி பூரா இருட்டு, அந்த இருட்டுல பெருசா ஒரு வட்டம். கீழ் மூலையில மட்டும் ஒரு கருப்புத் திட்டு இருந்துச்சு, அதுல மெலிசா ஒரு வெள்ளைக் கோடு.

"வலையில கோட்டிங் பேந்து மை எறங்கியிருக்குது அம்மிணி, அதான் திட்டு. ஏதோ வெளிநாட்டு டிசைனாட்ட இருக்குது"ன்னு சொல்லிட்டு மணியண்ணன் ஃப்ரேமக் கொண்டுபோய் தண்ணியப் பீச்சி கழுவிப்போட்டாரு. என்ற கண்ணு முன்னாடியே பூராவும் கரைஞ்சு சாக்கடையில போச்சு.

நான் அந்தச் சட்டைய எடுத்துட்டு ஊட்டுக்கு வந்துட்டேன். வந்து என்ன பண்ணேன் தெரியுங்களா? பொறாமப்பட்டேன். ரெண்டு நாளும் அதேதான். எவனோ ஒருத்தன், எந்த ஊர்க்காரனோ, அந்தப் பொண்ணு மேல இருக்கற அந்த ஒரு நொடியில தட்டியிருக்கான் பாருங்க. இமை தப்பல. இவனுக்கு மட்டும் எப்பிடித் தெரிஞ்சுது, எங்கிருந்து எடுத்தான்னு அந்தச் சட்டைய விரிச்சு வெச்சு கோணத்தையெல்லாம் கணக்குப் போட்டேன். சித்த பக்கவாட்டுல, ஒரு தூணோ செவுரோ இருக்கற எடத்துல ஒட்டி நின்னிருக்கணும்னு முடிவு பண்ணேன். எல்லாரும் முன்னாடி நின்னு எடுப்பாங்க, இவன் மட்டும் ஓரத்துக்குப் போயிருக்கான், எமகாதகன்னு வஞ்சுட்டே கேமராவ அந்தச் சட்டையிலயே சுத்தி பைக்குள்ள வெச்சேன். மெத்துன்னு இருந்துச்சு, அவ்வளவுதான்.

ஞாயித்துக்கெழம மங்கலம் போனேன். கம்பெனியில ஒரு சாம்பிள் எடுத்துக் குடுத்துட்டு நேரா வந்தனுங்களா, அளவெடுக்கற இன்ச் டேப்பு கழுத்துலயே தொங்கிட்டு இருந்துச்சு. அது எப்பவும் அப்பிடித்தான், தாலி மாதிரி போட்டுட்டு சுத்தறேன்னு எங்கம்மா கூட கேலி பண்ணும். ஷெட்டுக்குள்ள மெஷினையெல்லாம் பிரகாசு அப்பா வித்துட்டாரு, ஓடாத மெஷின் ரெண்டே ரெண்டுதான் கெடந்துச்சு. ஒன்னு மேடைக்குப் பின்னாடி, இன்னொன்னு பக்கவாட்டுச் செவுத்தோரம். கூட்டம் நல்ல கூட்டங்க. கம்பெனிப் பசங்க, பொண்ணுங்க, ஹிந்திக்காரப் பசங்க, மங்கலத்துத் தறிக்காரங்க கூட என்னமோ நடக்குதுன்னு வந்து நின்னாங்க. வாசல் ஷட்டர எறக்கியாச்சு, சத்தம் வெளிய போனா பக்கத்து ஊட்டுக்காரங்க சண்டைக்கு வருவாங்கன்னு. டியூப்லைட்டும், செவப்பு பச்சை லைட்டும் போட்டுருந்தாங்க.

நான் எல்லாரையும் மாதிரி மேடைக்கு முன்னாடி நின்னு ஆரம்பிச்சேன். வழக்கம்போலத்தான். எஸ்தரு தலையச் சிலுப்புச்சுன்னா படத்துல தலை நேரா நிக்குது. தட்டறேன், பாக்கறேன், அழிக்கறேன். வேர்த்து ஊத்துது. எஸ்தரு பாட்டுக்கு நடுவுல என்னயப் பாக்கும், கிடைச்சுதான்னு. நான் கட்டைவெரலத் தூக்கிக் காட்டி பொய் சொல்லுவேன்.

அப்ப எஸ்தரு கிட்டார்ல டப்புன்னு ஒரு கம்பி அந்துச்சுங்க. அந்து வளைஞ்சு மேல நின்னுச்சு. கம்பி அந்துபோறது சகஜந்தான், நான் ஒன்னும் நெனைக்கல. பாட்டோட வேகத்துல எஸ்தரு காலை ஒதறுச்சு பாருங்க, ஒரு செருப்பு கழண்டு கூட்டத்துக்குள்ள போய் விழுந்துச்சு. எல்லாரும் சிரிச்சாங்க. நான் சிரிக்கல. மெதுவா நிமிந்து எஸ்தருக்குப் பின்னாடி பாத்தேன். அங்க அந்த நிட்டிங் மெஷினு நின்னுட்டு இருந்துச்சுங்களா, அது மேல நூல் கோன் மாட்டறதுக்கு பெரிய இரும்பு வளையம் இருக்கும். வட்டமா.

அந்தச் சட்டையில இருந்தது வெளிநாட்டுக்காரியில்ல. எஸ்தரு. நான் ரெண்டு நாளாப் பாத்துப் பொறாமப்பட்ட படம் இன்னும் நடக்கவே இல்ல, இப்பத்தான் நடக்கப்போகுது.

அதுல ஒன்னு மட்டும் இடிச்சுது. சட்டையில பின்னாடி பூரா இருட்டு, ஒரு பக்கம் மட்டும் வெளிச்சம். இங்க டியூப்லைட்டு பளபளன்னு எரியுது. சரி, காக்கா உக்கார பனம்பழம் விழுந்த கதைன்னு மனசத் தேத்திக்கலாம்னு பாக்கறேன், படக்குன்னு கரண்டு போச்சு.

ஷெட்டு கும்மிருட்டு. ஆம்ப்ளிஃபயரு செத்துப்போச்சு, மைக்கு செத்துப்போச்சு, ஃபேனு நின்னுபோச்சு. ஜெனரேட்டர போன வருசமே வித்தாச்சு. கூட்டம் ஓன்னு கத்துச்சு. அவ்வளவுதான், ஷோ முடிஞ்சுதுன்னு சில பேரு கெளம்பப் பாத்தாங்க. ஆனா பிரகாசு நிறுத்தல பாருங்க! டிரம்ஸுக்கு எதுக்கு கரண்டு? அவன் அடிச்சுட்டே இருந்தான். ஹிந்திக்காரப் பசங்க "பஜாவ்! பஜாவ்!"னு, வாசி வாசின்னு அவங்க பாஷையில கத்திட்டு காலால தரையில தாளம் போட ஆரம்பிச்சாங்க, கொஞ்ச நேரத்துல அத்தனை பேரும் போட்டாங்க. எஸ்தரு மைக்கு இல்லாம, தொண்டையிலயே பாட்ட எடுத்துச்சு. அது அவங்களோட ஓட்டி பாட்டு, ஷிஃப்ட்டு முடிஞ்சும் வேலை பாக்கறவங்க பாட்டு, அத்தனை பேருக்கும் மனப்பாடம். அந்த மாதிரி ஒரு சத்தத்த நான் அதுக்கு முன்னாடியும் கேட்டதில்ல, பின்னாடியும் கேட்டதில்ல.

அப்ப நான் ஒரு வேலை செஞ்சேன். முன்னாடி எடத்த உட்டுட்டு, இருட்டுல ஆளுங்கள தடவிட்டு, பக்கவாட்டுச் செவுத்தோரம் கெடந்த அந்த இன்னொரு மெஷினுக்கும் செவுத்துக்கும் நடுவுல போய் நொழைஞ்சுட்டேன். சட்டையப் பாத்து கணக்குப் போட்டிருந்தேன்ல, அந்த எடம் இதுதான். முதுகு செவுத்துல அப்பிட்டு நிக்குது, மூச்சு உட்டா வயிறு மெஷின்ல இடிக்குது. கண்ணுக்கு ஒன்னும் தெரியல. ஒரு மனசு, பைத்தியக்காரி, இருக்கற ஒரு ஷோவையும் இருட்டுச் செவுத்தோரம் நின்னு தொலைக்கறியேங்குது. எஸ்தரு மொகம் ஞாபகம் வருது. இன்னொரு மனசு, இருடீங்குது. வெளிச்சத்த எதிர்பாத்து கேமராவ செட் பண்ணி, ஒத்தைப் படத்துக்கு வெச்சுக்கிட்டேன். ஒன்னே ஒன்னு போதும்.

கூட்டத்துக்கு வேக்காடு தாங்கல. பின்னாடி யாரோ ஷட்டர சடசடன்னு மேல தூக்குனாங்க. அது மேக்க பாத்த ஷட்டருங்க. பொழுது சாயற வெயிலு பட்டையா உள்ள பாஞ்சு நேரா மேடைக்குப் போச்சு. அந்தப் பாட்டுல கடைசியில எல்லாரும் ஒரு மூச்சு நிறுத்துவாங்க, டிரம்ஸும் நிக்கும், அதுக்கப்பறந்தான் உச்சத்துக்குப் போவாங்க. அந்த நிறுத்தத்துல எஸ்தரு ஏறி நின்னிருந்த ஸ்பீக்கர் மேல இருந்து தாவுச்சு.

ஊசி விழுந்தா கேக்கற அமைதி. 'க்ளிக்'. 'க்ளிக்'.

ரெண்டு சத்தம் கேட்டுச்சு. அப்ப எனக்கு அது ஒறைக்கல. எஸ்தரு கீழ எறங்குச்சு, டிரம்ஸு எடுத்துச்சு, ஷெட்டே அதிருது, நான் கேமராவத் திருப்பிப் பாக்கறேன். மேல இருக்குதுங்க. அந்தரத்துல. முடி பறக்க, கம்பி வளைய, ஒரு காலு வெறுங்காலா, வெயிலு அவ மேல மட்டும் அடிக்க, பின்னாடி வட்டம். இமை தப்பல. என்ற வாழ்க்கையில மொத தடவயா நான் லேட்டில்ல. அந்தச் சந்துலயே நின்னு ஓன்னு கத்துனேன், யாருக்கும் கேக்கல, எல்லாரும் கத்திட்டுதான் இருந்தாங்க. கேமராவுல ஒரே படந்தான் இருந்துச்சு. ரெண்டு சத்தம் கேட்டுச்சேன்னு ஒரு நிமிசம் யோசிச்சேன், செவுத்துல எதிரொலின்னு உட்டுட்டேன்.

ஷோ முடிஞ்சு எஸ்தரு ஓடி வந்து பாத்துச்சு. பாத்தொடனே என்னயக் கட்டிப்புடிச்சுது. அப்பறம், "எக்கா, முதுகு பூரா சுண்ணாம்பு, செவுத்துக்கு வெள்ளையடிச்சியளா?"ன்னு தட்டிவுட்டுச்சு.

திங்கக்கெழம காத்தால படம் போச்சு. மத்தியானமே பதில் வந்துருச்சு. அப்பறம் நடந்ததெல்லாம்தான் உங்களுக்குத் தெரியுமே. பெங்களூர்ல ஊரு பூரா அந்தப் போஸ்டருதான். மேடைக்குப் பின்னாடி திரையில எஸ்தரு அந்தரத்துல நிக்குது, முன்னாடி நெசமான எஸ்தரு பாடுது. அவங்கண்ணன் மொத வரிசையில நின்னு அழுதான். கைதான் லேட்டுன்னு சொன்னாருல்ல அந்தப் பெரிய போட்டோகிராபரு, அவரே வந்து, "எப்பிடி புடிச்சே?"ன்னு கேட்டாரு. நான் சிரிச்சு வெச்சேன். என்னத்தச் சொல்றது, ஆனைக்குட்டி லாட்டுல வந்துச்சுன்னா சொல்ல முடியும்?

நெசமாச் சொல்றேனுங்க, எனக்கு அப்ப பயமே இல்ல. ஒரே சந்தோசம். எப்பிடியோ என்ற படம் எனக்கு முன்னாடியே வந்து வழி காட்டிருச்சு, நான் பொறாமப்பட்டது என்ற மேலயேதான்னு நெனைச்சு நெனைச்சு சிரிப்பேன். அந்தச் சட்டைய எஸ்தருகிட்ட கூட காட்டல. அது எனக்கே எனக்குன்னு வந்த சங்கதின்னு வெச்சுக்கிட்டேன்.

அப்பறம் அந்தப் போட்டோவையே டீ-சர்ட்டா அடிக்கச் சொல்லி ஆர்டர் வந்துச்சு. வேற எங்க போவேன், மணியண்ணன்கிட்டதான். அவரு புது ஃப்ரேம் போட்டு, வெள்ளைச் சட்டையில மொத பீச இழுத்துக் குடுத்தாரு. எனக்கு ஒரு ஆசை, பழைய சட்டையையும் புதுச் சட்டையையும் பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பாக்கணும்னு. பையில இருந்து பழச எடுத்து பலகையில விரிச்சேன்.

ரெண்டும் ஒன்னில்லீங்க.

முடி அதேதான், கம்பி அதேதான், செருப்பும் அதேதான். அதே நொடிதான், சந்தேகமில்ல. ஆனா பழசுல எஸ்தரு கொஞ்சம் சின்னதாத் தெரியுது. எடுத்த ஆளு என்னய விட சித்த தள்ளி, சித்த ஒசரத்துல இருந்து எடுத்திருக்கான். அப்பறம் அந்தக் கீழ் மூலையில இருந்த கருப்புத் திட்டு. கோட்டிங் பேந்துதுன்னாரே மணியண்ணன், அது. புதுச்சட்டையில அது இல்ல. நான் குனிஞ்சு பாத்தேன். திட்டு இல்லீங்க அது. ஒரு தோளு. கேமராவத் தூக்கிப் புடிச்சிருக்கற ஒரு முழங்கை. அந்தத் திட்டுல ஒரு வெள்ளைக் கோடு இருக்குதுன்னேனே, அதுல சின்னச் சின்னதா குறுக்குக் கோடு போட்டிருந்துச்சு.

இன்ச் டேப்பு. என்ற கழுத்துல தொங்குன இன்ச் டேப்பு.

என்ற கையி தானா கழுத்துக்குப் போச்சு, அன்னிக்கும் போட்டுத்தான் இருந்தேன். மணியண்ணன், "என்னாச்சு அம்மிணி, மூஞ்சி வெளுத்துப்போச்சு, தண்ணி குடிக்கறீங்களா"ன்னாரு. அந்தச் சட்டையில இருந்தது நான் எடுத்த படமில்லீங்க. நான் எடுக்கறப்ப, எனக்குப் பின்னாடி நின்னு, என்ற தோளுக்கு மேல ஒருத்தரு எடுத்த படம். எனக்குப் பின்னாடி செவுரு. முதுகுல சுண்ணாம்பு ஒட்டற அளவுக்கு செவுரு.

அந்த ஃப்ரேமு யாரோடதுன்னு கேட்டுப் பாத்தேன். மூடுன யூனிட்டு, கை மாறிக் கை மாறி வந்த லாட்டு, ஒன்னும் தெரியலீங்க. இன்னிக்கும் மணியண்ணன் பழைய ஃப்ரேம் வாங்குனா கழுவறதுக்கு முன்னாடி ஒன்னொன்னையும் வெளிச்சத்துல புடிச்சுப் பாத்துட்டு எனக்கு போனடிப்பாரு. "ஆனைக்குட்டிதான் அம்மிணி, நிம்மதியா தூங்குங்க"ம்பாரு.

செவுத்துல மாட்டியிருக்கற இந்தப் போட்டோ ஃப்ரேமத் திருப்பிப் பாருங்க. பாருங்க, பயப்படாதீங்க. பின்னாடி தச்சு வெச்சிருக்கேன்ல, அதுதான் அந்தப் பழைய சட்டை. முன்னாடி என்ற படம், பின்னாடி அவரு படம். மொதல்ல எடுத்தவரு அவரு, ஆனா உலகத்துக்கு வந்து சேந்தது என்ற படம். அந்தப் பெருமைய நான் யாருக்கும் உட்டுத்தர மாட்டேன். அவருக்கும் அதுல வருத்தமிருக்கறதாத் தெரியல.

ஏன் அப்பிடிச் சொல்றேன்னா, அதுக்கப்பறம் நான் எந்த ஷோவுலயும் லேட்டானதே இல்லீங்க. இந்தச் செவுரு பூரா மாட்டியிருக்கறதப் பாருங்க, ஒன்னாச்சும் இமை தப்பியிருக்குதா? எல்லாரும் நந்தினி டைமிங்கு, நந்தினி டைமிங்குங்கறாங்க. என்ற டைமிங்கெல்லாம் ஒன்னுமில்ல. இப்பெல்லாம் நான் செவுத்துல சாஞ்சு நிக்கறதில்லீங்க. பின்னாடி ஒரு ஆளு நிக்கற அளவுக்கு எடம் உட்டு நிப்பேன். நின்னு, பின்னாடி 'க்ளிக்'குன்னு கேட்டொடனே நானும் தட்டுவேன்.